ஒரு பெயரும் பத்துத் தடைகளும்

'சாலி கன்னல்' என்ற பெயரை விளையாட்டுப் பக்கத்தில் தமிழ் எழுத்தில் காணும் வாசகருக்கு முதலில் என்ன தோன்றும்? கன்னல் என்றால் கரும்பு. பள்ளியில் செய்யுள் படித்தவர்கள் எல்லோருக்கும் இது தெரியும். அகராதியைப் புரட்டினால் இன்னொரு பொருளும் கிடைக்கும். பொழுதை அளக்கும் நீர்க்கடிகைக்கும் கன்னல் என்று பெயர். முல்லைப்பாட்டில் இந்தப் பொருளில் அச்சொல் வந்திருக்கிறது.

இப்போது ஆளைப் பாருங்கள். சாலி கன்னல் இங்கிலாந்தில் எசெக்ஸ் மாவட்டத்துச் சிக்வெல் என்ற ஊரில் 1966-ஆம் ஆண்டு பிறந்தவர். விவசாயி மகள். வளர்ந்தது பண்ணையில். பின்னாளில் விநாடியின் நூறில் ஒரு பங்கு வரை அளந்து வெற்றி தோல்வி சொல்லும் தடை ஓட்டத்தில் உலகத்தின் முதல் வீராங்கனையாக நின்றவர். பயிரும் பொருந்துகிறது, கடிகாரமும் பொருந்துகிறது! ஜோசியர் ஒருவர் கையில் இது கிடைத்திருந்தால் விட்டிருப்பாரா?

ஆனால் இந்தப் பொருத்தம் முழுக்க முழுக்கத் தற்செயல். அந்த ஆங்கிலப் பெயருக்கும் நம் கரும்புக்கும் எந்த உறவும் இல்லை. இரண்டு மொழிகளில் ஒலி ஒத்துப் போயிற்று, அவ்வளவுதான். அப்படியானால் அந்தப் பெயரின் உண்மையான பிறப்பு என்ன? அது இந்தத் தற்செயலை விட வேடிக்கையானது.

முதலில் 'சாலி'யை எடுத்துக்கொள்வோம். இது 'சாரா' என்ற பெயரின் செல்ல வடிவம். எபிரேய மொழியில் சாரா என்றால் இளவரசி, உயர்குடிப் பெண் என்று பொருள். தமிழ் விவிலியத்தில் ஆபிரகாமின் மனைவி சாராளாக வருபவர் இவரே. சாரா எப்படிச் சாலி ஆயிற்று? ரகரம் லகரமாக மாறியது. ஆங்கிலேயர் வழக்கில் இது புதிதல்ல. மேரி மோலி ஆனதும், டோரத்தி டோலி ஆனதும் இப்படித்தான். நமக்கும் இது புதிதல்ல. பந்தல் என்றாலும் பந்தர் என்றாலும் ஒன்றுதான். சாம்பல் என்றாலும் சாம்பர் என்றாலும் ஒன்றுதான். இலக்கண வகுப்பில் இதைப் போலி என்று படித்திருப்பீர்கள். நாக்கு ஏறக்குறைய ஒரே இடத்தைத் தொட்டு இந்த இரண்டு ஒலிகளையும் எழுப்புகிறது. ஆகவே உலகின் பல மொழிகளில் இவை ஒன்றின் இடத்தில் மற்றொன்று வந்து உட்கார்ந்துவிடுகின்றன.

'கன்னல்' என்பது குடும்பப் பெயர். இதன் வேர் ஸ்காண்டிநேவிய நாடுகளின் பழைய மொழியில் இருக்கிறது. ஏறத்தாழ ஆயிரம் ஆண்டுகளுக்கு முன் டென்மார்க், நார்வே நாட்டார் கடல் கடந்து வந்து இங்கிலாந்தின் கிழக்குப் பகுதிகளில் குடியேறினார்கள். 1016 முதல் 1035 வரை இங்கிலாந்தை ஆண்ட கனூட் என்ற அரசரே ஒரு டேனியர்தான். அவருடைய மகள் பெயர் குன்ஹில்டா. அந்தக் காலத்தில் பரவலாக வழங்கிய பெண் பெயர் அது. பழைய வடிவம் குன்ஹில்ட்ர். 'குன்' என்றால் போர். 'ஹில்ட்' என்றாலும் போர். ஆக, பெயரின் பொருள் போர்ப்போர்!

'மீமிசை', 'நடுமையம்' என்று ஒரே பொருளுள்ள இரண்டு சொற்களை அடுக்குவதை நம் இலக்கணத்தார் ஒருபொருட்பன்மொழி என்பார்கள். இங்கே நடந்தது கிட்டத்தட்ட அதுதான். ஆனால் காரணம் வேறு. அந்நாட்டுப் பெற்றோர்கள் பெயர் வைக்கும்போது ஒரு வாக்கியத்தின் பொருளை எண்ணி வைத்ததில்லை. வழக்கில் இருந்த பெயர்ப் பகுதிகளில் ஒன்றை முன்னேயும் மற்றொன்றைப் பின்னேயும் கோப்பார்கள். பாட்டி பெயரில் பாதி, தந்தை பெயரில் பாதி என்றுகூட அமையும். இதே இரண்டு பகுதிகளைத் தலைகீழாகக் கோத்த 'ஹில்டெகுன்ட்' என்ற பெயரும் இருந்தது. இந்த 'ஹில்ட்' நம் ஊர் வரைக்கும் வந்திருக்கிறது. கிறிஸ்தவக் குடும்பங்களில் ஹில்டா, மெட்டில்டா என்று பெயர் வைக்கிறார்களே, அவற்றுள் ஒளிந்திருப்பது இந்தப் போர்தான். அமைதியே உருவான எத்தனையோ ஹில்டா டீச்சர்கள் இதை அறியாமலே ஓய்வு பெற்றிருப்பார்கள்.

குன்ஹில்ட் என்ற பெண் பெயர் காலப்போக்கில் தேய்ந்து கன்னல் ஆயிற்று. யாரோ ஒரு குன்ஹில்டின் வழியில் வந்தவர்களுக்குக் குடும்பப் பெயராக நிலைத்தது. இங்கே கதை முடிந்திருந்தால் இந்தக் கட்டுரையை எழுதியிருக்க மாட்டேன். அந்தப் பெண் பெயருக்கு இன்னொரு வாரிசும் உண்டு.

லண்டனுக்கு மேற்கே விண்ட்சர் கோட்டை இருக்கிறது. அங்கிருந்த போர்க்கருவிகளுக்கு 1330-ஆம் ஆண்டு வாக்கில் எடுத்த லத்தீன் பட்டியல் ஒன்றில், கொம்பினால் ஆன ஒரு பெரிய எறிவில்லுக்குப் பெயர் குறித்திருக்கிறார்கள்: சீமாட்டி குனில்டா. பெரிய ஆயுதங்களுக்குப் பெண் பெயர் சூட்டி அழைப்பது ஐரோப்பியச் சிப்பாய்களின் பழக்கம். எடின்பரோக் கோட்டையில் இன்றும் இருக்கும் பதினைந்தாம் நூற்றாண்டுப் பீரங்கிக்கு 'மான்ஸ் மெக்' என்று பெயர். மெக் என்பது மார்கரெட்டின் சுருக்கம். 1914-இல் ஜெர்மானியர் இழுத்து வந்த ராட்சதப் பீரங்கிக்குப் 'பெரிய பெர்த்தா' என்று பெயர். சீமாட்டி குனில்டாவின் காலத்தில்தான் வெடிமருந்து ஐரோப்பாவுக்குப் புதிதாக வந்து கொண்டிருந்தது. வில்லுக்கு இருந்த பெயர் வெடிமருந்துக் கருவிக்குத் தாவியது. சுருங்கிச் சுருங்கி 'கன்' ஆயிற்று. துப்பாக்கியையும் பீரங்கியையும் குறிக்கும் ஆங்கிலச் சொல் இப்படிப் பிறந்தது என்பதே சொல் ஆராய்ச்சியாளர் பெரும்பாலோர் ஏற்கும் முடிவு. (நம் 'துப்பாக்கி' துருக்கியிலிருந்து வந்தது, 'பீரங்கி' பரங்கியரைக் குறித்த சொல்லிலிருந்து வந்தது. நாம் கருவிக்கு, அதைக் கொண்டு வந்தவன் பெயரை வைத்தோம்.) கப்பலின் மேல் விளிம்பில் பீரங்கிகளைப் பொருத்தியதால் அந்த விளிம்புக்கும் ஒரு பெயர் ஏற்பட்டது. அதை ஆங்கில மாலுமிகள் எப்படி உச்சரிப்பார்கள் தெரியுமா? 'கன்னல்' என்றுதான்.

ஆக, சாலி கன்னல் ஓட்டக்களத்தில் குனிந்து நின்றபோதெல்லாம் அவரைப் புறப்படச் சொன்ன ஓசை, அவர் பெயருக்கு ஒரு வகையில் உடன்பிறப்பு.

அந்த ஓசையைப் பற்றி இயற்பியல் ஆசிரியன் என்ற முறையில் கொஞ்சம் சொல்லியாக வேண்டும். 400 மீட்டர் ஓட்டத்தில் எட்டுப் பேரும் ஒரே கோட்டில் நின்று புறப்படுவதில்லை. வெளித்தடத்தில் ஓடுபவருக்கு வளைவு பெரிது. அதைச் சரிக்கட்ட அவரை முன்னால் நிறுத்துகிறார்கள். எட்டாம் தடத்தில் இருப்பவர், முதல் தடத்துக்காரரை விட வளைவின் வழியே 53 மீட்டர் முன்னால் நிற்பார். நேர்கோட்டில் அளந்தால் சுமார் 45 மீட்டர். ஒலி விநாடிக்கு ஏறத்தாழ 340 மீட்டர் செல்லும். துப்பாக்கிக்காரர் முதல் தடத்தின் அருகில் நின்று சுட்டால், எட்டாம் தடத்துக்கு ஓசை போய்ச் சேர 45-ஐ 340-ஆல் வகுத்த நேரம், அதாவது ஏறக்குறைய 0.13 விநாடி ஆகும். விநாடிக்கு ஏழரை மீட்டர் ஓடும் பெண்ணுக்கு அது ஒரு மீட்டர் நஷ்டம்! அதனால்தான் இப்போது ஒவ்வொருவர் காலடிக்குப் பின்னாலும் ஓர் ஒலிபெருக்கி வைக்கிறார்கள். சைகை கம்பி வழியே மின்சாரமாகச் சென்று எட்டு இடங்களிலும் ஒரே கணத்தில் ஓசையாக வெளிப்படுகிறது. மற்றொரு விதியும் உண்டு. ஓசை எழுந்து 0.1 விநாடிக்குள் யாருடைய கால் உந்துபலகையை அழுத்தினாலும் அது தவறான புறப்பாடு. காது கேட்டு, மூளை உணர்ந்து, தசை சுருங்க அதைவிடக் குறைந்த நேரம் போதாது என்று கொண்டிருக்கிறார்கள்.

இனி ஓட்டத்துக்கு வருவோம். சாலி கன்னல் இளம் வயதில் நீளம் தாண்டினார். பல போட்டிகள் அடங்கிய தொகுப்புப் பந்தயங்களிலும் கலந்துகொண்டார். பிறகு 100 மீட்டர் தடை ஓட்டத்துக்கு வந்தார். 1986-இல் எடின்பரோவில், அந்த மான்ஸ் மெக் இருக்கும் ஊரில்தான், காமன்வெல்த் போட்டியில் அவர் தங்கம் வென்றார். வென்ற பந்தயத்தையே பிடித்துக்கொண்டு இருந்திருக்கலாம். ஆனால் அடுத்து 400 மீட்டர் தடை ஓட்டத்துக்கு மாறினார். அவருடைய வாழ்க்கையில் மிக முக்கியமான முடிவு இதுதான் என்பது என் கருத்து.

ஏனென்றால் இவை இரண்டும் பெயரளவில்தான் உறவு. 100 மீட்டரில் தடைக்குத் தடை எட்டரை மீட்டர்; எல்லோரும் மூன்றே எட்டு வைப்பார்கள்; கணக்குப் போட வேலையில்லை. 400 மீட்டரில் தடையின் உயரம் 76.2 சென்டிமீட்டர். முதல் தடை 45 மீட்டரில். பிறகு 35 மீட்டருக்கு ஒன்றாக ஒன்பது. கடைசித் தடையிலிருந்து முடிவுக்கோடு 40 மீட்டர். தடைக்கு முன் 2 மீட்டரில் எழும்பி, அப்பால் ஒரு மீட்டரில் இறங்கினால், நடுவே 32 மீட்டர் மிஞ்சும். அதைப் பதினைந்து எட்டில் கடக்க, ஒவ்வோர் எட்டும் 2 மீட்டர் 13 சென்டிமீட்டர் இருக்க வேண்டும். களைப்பில் ஓர் எட்டுக்கு ஐந்தே சென்டிமீட்டர் குறைந்தால், பதினைந்து எட்டில் முக்கால் மீட்டர் குறையும். தடைக்கு மிகத் தொலைவில் வந்து நிற்பார். அப்போது ஓர் எட்டைக் கூட்டிப் பதினாறாக்கலாமே என்பீர்கள். எட்டுகள் ஒற்றைப்படையாக இருந்தால் ஒவ்வொரு தடையையும் ஒரே கால் முன்சென்று தாண்டும். இரட்டைப்படையானால் கால் மாறும். வலக்கை இட்டலியை இடக்கையால் உண்பது போன்ற சங்கடம் அது. இரண்டு கால்களுக்கும் சமமாகப் பயிற்சி இருந்தால் ஒழிய அந்த இடத்தில் வேகம் செத்துவிடும்.

தாண்டுவதிலும் ஒரு கணக்கு இருக்கிறது. நடுத்தர உயரமுள்ள பெண் நிமிர்ந்து நிற்கும்போது அவருடைய ஈர்ப்பு மையம் தரையிலிருந்து ஏறத்தாழ 90 சென்டிமீட்டரில் இருக்கும். அதாவது தடையின் உச்சியை விட ஏற்கெனவே மேலே! ஆகவே உடலைத் தூக்கி அப்பால் போட வேண்டிய தேவையே இல்லை. கால்களும் இடுப்பும் தட்டாமல் போக வழிவிட்டால் போதும். ஈர்ப்பு மையம் 15 சென்டிமீட்டர் உயர்ந்தால் ஆகாயத்தில் 0.35 விநாடி கழியும். 25 சென்டிமீட்டர் உயர்ந்தால் 0.45 விநாடி. பத்துத் தடைகளுக்கு ஒரு முழு விநாடி வித்தியாசம். அந்த நேரத்திலும் உடல் முன்னேதான் செல்கிறது, உண்மை. ஆனால் தரையை உதைக்கக் காலுக்குத் தரை இல்லை. தவிர, 55 கிலோ எடையை 10 சென்டிமீட்டர் கூடுதலாகத் தூக்க 54 ஜூல் ஆற்றல் செலவாகும். பத்து முறைக்கு 540 ஜூல். அவ்வளவு வேகத்தில் ஓடும் உடலின் இயக்க ஆற்றலில் இது மூன்றில் ஒரு பங்குக்கும் மேல். முன்காலை வீசும்போது உடம்பைக் குனிந்து எதிர்க்கையை நீட்டுவது எதற்கு? அழகுக்கு அல்ல, கால் மேலே எழுந்தால் உடல் எதிர்த்திசையில் சுழல வேண்டும் என்ற கோண உந்த விதியைத் தன் பக்கம் திருப்பிக்கொள்ளத்தான். தடையில்லாத 400 மீட்டரில் கன்னலின் சிறந்த நேரம் 51 விநாடிக்குச் சற்று மேல், தடைகளோடு 52.74. பத்துத் தடைகளுக்கும் சேர்த்து அவர் கொடுத்த விலை இரண்டு விநாடிகூட இல்லை.

பெண்களுக்கான இந்தப் பந்தயம் ஒலிம்பிக்கில் சேர்ந்ததே 1984-இல், லாஸ் ஏஞ்சலஸில்தான். மொராக்கோவின் நவால் எல் முத்தவக்கில் முதலாவதாக வந்தார். நம் பி. டி. உஷா 55.42 விநாடியில் நான்காவது; 55.41-இல் வந்த ருமேனியப் பெண்ணுக்கு வெண்கலம். அந்த ஒரு நூற்றில் ஒரு பங்கை இந்தியாவில் யாரும் மறக்கவில்லை. நவால் என்றால் அரபியில் கொடை. உஷா என்றால் விடியல். இந்தப் பொருள்களில் எதை வைத்து அந்த ஏழு சென்டிமீட்டரை விளக்குவீர்கள்?

அடுத்த ஒலிம்பிக்கில், 1988-இல் சியோலில், கன்னல் ஐந்தாவதாக வந்தார். நேரம் 54.03. பயிற்சியாளர் புரூஸ் லாங்டன் துணையோடு ஒவ்வொரு பத்தில் ஒன்றாகக் குறைத்துக்கொண்டே போனார். 1990-இல் ஆக்லாந்து காமன்வெல்த் போட்டியில் 400 மீட்டரில் தங்கம், 100 மீட்டரில் வெள்ளி. 1991 டோக்கியோ உலகப் போட்டியில் சோவியத் வீராங்கனை தத்தியானா லெதோவ்ஸ்கயா 53.11 விநாடி, கன்னல் 53.16. ஐந்து நூற்றில் தோல்வி. மறு ஆண்டு பார்சிலோனா ஒலிம்பிக்கில் 53.23 விநாடியில் தங்கம். அமெரிக்காவின் சாண்ட்ரா ஃபார்மர்-பேட்ரிக் இரண்டாவது.

1993 ஆகஸ்டில் ஜெர்மனியின் ஸ்டுட்கார்ட்டில் நடந்த உலகப் போட்டியில் மீண்டும் அதே இருவர். ஜலதோஷத்தோடு களத்துக்கு வந்தார் கன்னல். கடைசித் தடையைத் தாண்டும்போது ஃபார்மர்-பேட்ரிக் முன்னால். மிச்சம் 40 மீட்டர். முடிவுக்கோட்டில் கன்னல் 52.74, ஃபார்மர்-பேட்ரிக் 52.79. 1986-இல் சோவியத்தின் மரினா ஸ்டெபனோவா ஏற்படுத்திய 52.94 என்ற உலக சாதனையை இருவருமே முறியடித்துவிட்டார்கள். ஒருவருக்குத்தான் அது கிடைத்தது. ஓடி முடித்த கன்னலுக்கே தாம் வென்றது உடனே தெரியவில்லை. வித்தியாசம் மறுபடியும் ஐந்து நூற்றில். தூரத்தில் சொன்னால் ஒரு முழத்துக்கும் குறைவு.

இங்கே பெயர் விளையாட்டுக்கு இன்னொரு வாய்ப்பு. ஃபார்மர் என்றால் இன்று விவசாயி. தோற்றவர் பெயர் விவசாயி. வென்றவர் விவசாயி மகள்! ஆனால் இதிலும் உள்ளே போனால் வேறு கதை. குடும்பப் பெயர்கள் உருவான காலத்தில் ஃபார்மர் என்பவர் உழவர் அல்லர். ஒரு தொகை பேசி வரி தண்டும் உரிமையை எடுத்தவர். நம் பேச்சில் குத்தகைக்காரர். நிலத்தைக் குத்தகைக்கு எடுத்தவரையும் அவ்வாறே அழைத்து, பின்னர் உழுபவர் எல்லோருக்கும் அது பெயராயிற்று. சாண்ட்ராவோ அலெக்சாண்ட்ராவின் சுருக்கம். கிரேக்கத்தில் மனிதரைக் காப்பவள் என்று பொருள்.

பெயரின் பொருள் என்பது அந்தச் சொல் நடந்து வந்த பாதை. அதைத் தேடுவது இனிய வேலை. மக்கள் எங்கிருந்து எங்கே போனார்கள், எதற்கு எதன் பெயரை வைத்தார்கள் என்பதெல்லாம் தெரிகிறது. ஆனால் பெயர் ஆளை ஓட வைக்கிறது என்று யாராவது சொன்னால் ஒரு கேள்வி கேளுங்கள். 1991-இல் ஐந்து நூற்றில் தோற்றவர் பெயரும் கன்னல். 1993-இல் ஐந்து நூற்றில் வென்றவர் பெயரும் கன்னல். மாறாத ஒன்றைக் காட்டி, மாறிய ஒன்றுக்குக் காரணம் சொல்ல முடியுமா? ஆய்வுக்கூடத்தில் முதல் ஆண்டு மாணவனுக்குக்கூட நாங்கள் அனுமதிக்காத தர்க்கம் இது. பொருத்தம் கிடைப்பது அதிசயமும் அல்ல. பெயரை ஆங்கிலத்தில் தேடலாம், பழைய டேனியத்தில் தேடலாம், தமிழில்கூடத் தேடலாம். கரும்பும் கிடைக்கும், போரும் கிடைக்கும், கடிகாரமும் கிடைக்கும். பொருந்தியதை மட்டும் எடுத்து வைத்துக்கொண்டு பொருந்தாததைத் தள்ளிவிட்டால் எவர் பெயரும் எவருக்கும் பொருந்தும். நல்ல பணம் கொடுத்துப் பெயரில் ஓர் எழுத்தைக் கூட்டிக்கொள்ளும் பெற்றோர்கள் வாங்குவது இந்தச் சரக்கைத்தான்.

1994-இல் ஐரோப்பியத் தங்கமும் காமன்வெல்த் தங்கமும் கன்னலுக்குச் சேர்ந்தன. ஒலிம்பிக், உலகம், ஐரோப்பா, காமன்வெல்த் என்று நான்கு பட்டங்களும் உலக சாதனையும் அப்போது ஒரே நேரத்தில் அவரிடம் இருந்தன. மறு ஆண்டே காயம். அவர் ஓடாத 1995 உலகப் போட்டியில் அமெரிக்காவின் கிம் பேட்டன் 52.61 விநாடியில் சாதனையைப் பறித்தார். 1996 அட்லாண்டா ஒலிம்பிக்கின் அரையிறுதியில் காயத்தால் பாதியில் நின்றார். 1997-இல் ஓய்வு பெற்றார். பிரிட்டிஷ் பெண்களில் 52.74-ஐ முப்பது ஆண்டுகள் கழித்தும் எவரும் தொடவில்லை. உலக சாதனை மட்டும் வெகுதூரம் ஓடிவிட்டது; 2024 பாரிஸ் ஒலிம்பிக்கில் அமெரிக்காவின் சிட்னி மெக்லாக்லின்-லெவ்ரோன் அதை 50.37-க்குக் கொண்டு வந்தார்.

துப்பாக்கியும் மாறிவிட்டது. 2010 வான்கூவர் குளிர்கால ஒலிம்பிக்கில் வெடிமருந்தே இல்லாத மின்னணுக் கருவி ஒன்று புறப்பாட்டுக்கு வந்தது. விசையை அழுத்தினால் ஒலிபெருக்கிகள் முழங்குகின்றன. ஒரு விளக்கு மின்னுகிறது. கடிகாரம் ஓடத் தொடங்குகிறது. குழலும் இல்லை, குண்டும் இல்லை, புகையும் இல்லை. ஆங்கில வர்ணனையாளர்கள் அதையும் 'கன்' என்றுதான் சொல்கிறார்கள்.